அந்த விலங்கு ஏன் அங்கே இருக்கிறது?

"கோலாவைத் தொட்டுப் பார்த்தீங்களா டீச்சர்?"

விடுமுறை முடிந்து பள்ளிக்குத் திரும்பிய அன்று என் படிவம் நான்கு மாணவர்கள் கேட்ட முதல் கேள்வி இது. உல்லாசக் கப்பலில் ஆஸ்திரேலியாவின் தெற்கே இருக்கும் டாஸ்மேனியா தீவுக்கு நான் போய்வந்தது அவர்களுக்குத் தெரியும். அடுத்த கேள்வி, "கங்காரு உதைக்குமா?" அதற்கடுத்து, "படம் இருக்கா?" படம் இருந்தது. கைத்தொலைபேசியை எடுத்து நீட்டினேன். அந்த விலங்குகள் ஏன் காட்டில் இல்லாமல் பூங்காவில் இருக்கின்றன என்று ஒருவரும் கேட்கவில்லை. அதற்காக அவர்களைக் குறை சொல்ல எனக்குத் தகுதியில்லை. அங்கே போய் நின்ற முதல் அரை மணி நேரம் நானும் அதைக் கேட்கவில்லை.

கப்பல் பயணத்தில் கரையிறங்கும் நாள் எப்படிப்பட்டது என்பது போனவர்களுக்குத் தெரியும். காலையில் ஹோபார்ட் துறைமுகத்தில் இறங்கினோம். மாலைக்குள் கப்பலில் இருக்க வேண்டும். பொனொரோங் வனவிலங்குச் சரணாலயம் நகருக்கு வடக்கே பிரைட்டனில் இருக்கிறது. பேருந்தில் போக அரை மணி, வர அரை மணி. உள்ளே எங்களுக்குக் கிடைத்தது ஒன்றரை மணி நேரம், அதாவது பள்ளிக்கூடக் கணக்கில் மூன்று பாடவேளை.

பேருந்திலிருந்து இறங்கியதும் பாதிப் பேர் கோலா இருந்த பக்கம் விரைந்தார்கள். நானும்தான். கிளையில் உறங்கிக்கொண்டிருந்த ஒரு கோலாவைப் பன்னிரண்டு படம் எடுத்த பிறகே எனக்கு நினைவு வந்தது: டாஸ்மேனியக் காடுகளில் கோலா கிடையாது! அது ஆஸ்திரேலியப் பெருநிலத்தின் விலங்கு. பினாங்குக்கு வந்த சுற்றுப்பயணி ஒருவர் ஒட்டகத்தைப் படம் எடுத்துக்கொண்டு ஊர் திரும்பினால் நாம் சிரிக்க மாட்டோமா? நான் செய்ததும் ஏறக்குறைய அதுதான். உள்நாட்டு விலங்கைப் பார்க்க டிக்கெட் வாங்கிவிட்டு, விளம்பரத்தில் பார்த்துப் பழகிய விலங்கைத் தேடி ஓடியிருக்கிறேன்.

அந்தத் தீவுக்கே உரிய விலங்கு சற்றுத் தள்ளி ஒரு மண்மேட்டின் பின்னால் இருந்தது. டாஸ்மேனியன் டெவில். சிறிய நாய் அளவு, கறுப்பு நிறம், மார்பில் வெள்ளைப் பட்டை. ஊழியர் நீட்டிய எலும்போடு கூடிய இறைச்சியை அது கவ்விய வேகத்தில் முன்வரிசையில் நின்ற குழந்தைகள் பின்வாங்கினார்கள். இதன் குட்டி பிறக்கும்போது அரிசிமணி அளவுதான் இருக்கும். ஓர் ஈற்றில் இருபதுக்கும் மேல் பிறக்கும். ஆனால் தாயின் பைக்குள் நான்கே முலைக்காம்புகள். முதலில் பற்றிக்கொண்ட நான்கு பிழைக்கும். அவ்வளவுதான்.

இத்தனை கடுமையான போட்டியில் தப்பிப் பிழைக்கும் இனத்தை இப்போது அழித்துக்கொண்டிருப்பது ஒரு புற்றுநோய். 1996இல் தீவின் வடகிழக்கில் முகத்தில் பெரிய கட்டிகளுடன் டெவில்கள் காணப்பட்டன. புற்றுநோய் தொற்றாது என்று நான் வகுப்பில் பலமுறை சொல்லியிருக்கிறேன். மனிதர்களுக்கு அது சரி. இந்த விலங்கில் புற்றணுவே ஒன்றின் உடலிலிருந்து மற்றதன் உடலுக்குப் போகிறது. இரையின் மேல் சண்டையிடும்போதும் இணைசேரும்போதும் டெவில்கள் ஒன்றன் முகத்தை ஒன்று கடிக்கும். கடிபட்ட காயத்தில் புற்றணு ஒட்டிக்கொண்டு வளர்கிறது. அந்நிய அணு நுழைந்துவிட்டது என்று நோய் எதிர்ப்பு மண்டலம் அடையாளம் காண உதவும் குறியீடுகளை இந்தப் புற்றணு தன் மேற்பரப்பில் காட்டுவதில்லை. அதனால் உடல் அதை எதிர்ப்பதில்லை. வாயை அடைக்கும் கட்டியால் தின்ன முடியாமல் விலங்கு மெலிந்து சாகிறது.

நோய் கடுமையாகப் பரவிய இடங்களில் 80 விழுக்காட்டுக்கும் மேல் டெவில்கள் மறைந்தன. 2008இல் இது அழியும் ஆபத்தில் உள்ள இனமாக அறிவிக்கப்பட்டது. 2014இல் இதே போன்ற, ஆனால் தனியாகத் தோன்றிய இரண்டாவது தொற்றுப் புற்றும் கண்டுபிடிக்கப்பட்டது. ஆஸ்திரேலியப் பெருநிலத்தில் சுமார் 3,000 ஆண்டுகளுக்கு முன்பே டெவில் அழிந்துவிட்டது. டாஸ்மேனியாவிலும் போனால் காட்டில் வேறெங்கும் இல்லை. அதனால்தான் நோயில்லாத டெவில்களைப் பூங்காக்களிலும் வேலியிட்ட இடங்களிலும் காப்புக் கூட்டமாக வளர்க்கிறார்கள். காட்டிலோ சில டெவில்களின் கட்டி தானாகவே சுருங்கியதை ஆய்வாளர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். அந்த இயற்கை எதிர்ப்பு பரவும்வரை இனம் பிழைத்திருக்க வேண்டும். இந்தக் கூட்டங்கள் வாங்கித் தருவது அந்த அவகாசத்தைத்தான்.

"மிருகக்காட்சிசாலை என்றாலே சிறைச்சாலை. அங்கே போகவே கூடாது" என்று வாதிடும் நண்பர்கள் எனக்கு உண்டு. அவர்கள் பக்கமும் நியாயம் இருக்கிறது. அதற்குச் சான்று எங்கள் கப்பல் நின்ற துறைமுகத்துக்கு அருகிலேயே இருந்தது.

தைலசின் என்ற டாஸ்மேனியப் புலியைப் பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். முதுகில் வரிகள் கொண்ட, நாய் போன்ற தோற்றமுள்ள, வயிற்றுப் பையில் குட்டி வளர்க்கும் விலங்கு. ஆட்டுப் பண்ணைக்காரர்களின் புகாரால் 1888 முதல் 1909 வரை அரசாங்கமே ஒரு விலங்கின் தலைக்கு ஒரு பவுண்டு வெகுமதி கொடுத்தது. 2,100க்கும் மேற்பட்ட விலங்குகளுக்கு அப்படிப் பணம் கொடுக்கப்பட்டது. அதைக் காக்கச் சட்டம் வந்தது 1936 ஜூலை 10. கடைசியாக அறியப்பட்ட தைலசின் ஹோபார்ட் மிருகக்காட்சிசாலையில் இறந்தது அதே ஆண்டு செப்டம்பர் 7. இடையில் 59 நாள்.

அதன் பிறகு நடந்ததுதான் ஆசிரியையான என்னை உலுக்கியது. அந்தக் கடைசி விலங்கின் உடல் என்னவாயிற்று என்று நீண்ட காலம் யாருக்கும் தெரியவில்லை. 2022 டிசம்பரில் ஹோபார்ட் அருங்காட்சியகம் ஒரு செய்தியை வெளியிட்டது: உடல் அவர்களிடமேதான் இருந்திருக்கிறது. அது வயதான ஒரு பெண் விலங்கு. சட்டத்துக்குப் புறம்பாகக் கண்ணிவைத்துப் பிடிக்கப்பட்டது என்பதால், வாங்கிய மிருகக்காட்சிசாலை அதைப் பதிவு செய்யவில்லை. இறந்த பின் தோலைப் பதப்படுத்தி, எலும்புகளை அட்டைகளில் பொருத்தி, பாடம் நடத்தும் பொருளாக வைத்துக்கொண்டார்கள். அந்தத் தோலைப் பள்ளி பள்ளியாக எடுத்துச் சென்று மாணவர்களுக்குக் காட்டியிருக்கிறார்கள். காட்டில் இன்னும் இருக்கிறது என்றுதான் அப்போது எல்லோரும் நம்பினார்கள்.

என்னைப் போன்ற ஓர் ஆசிரியர், உலகின் கடைசி தைலசினின் தோலைக் கையில் பிடித்துக்கொண்டு, "இதுதான் தைலசின், நன்றாகப் பாருங்கள்" என்று சொல்லியிருப்பார். அது கடைசி என்பது அவருக்கும் தெரியாது, மாணவர்களுக்கும் தெரியாது. இதை நினைக்கும்போதெல்லாம் என் கைத்தொலைபேசியில் உள்ள அந்தப் பன்னிரண்டு படங்களும் கூடவே நினைவுக்கு வருகின்றன. காட்டுவது வேறு, காப்பது வேறு. கூண்டில் ஒன்று இருக்கிறது என்பதற்காக இனம் பிழைத்துவிடாது.

நல்ல எண்ணத்தோடு செய்தாலும் காப்பது எளிதல்ல. டெவில்களைக் காக்க, நோய் எட்டாத மரியா தீவில் 2012 முதல் 28 டெவில்களை விட்டார்கள். அவை நன்றாகப் பெருகின. ஆனால் அந்தத் தீவில் முன்பு டெவில் இருந்ததே இல்லை. தரையில் வளை தோண்டிக் கூடுகட்டும் குட்டிப் பெங்குவின்கள் ஏறக்குறைய 3,000 இணைகள் அங்கே இருந்தன. 2021இல் பறவை ஆய்வாளர்கள் பார்த்தபோது ஒன்றுகூட மிஞ்சவில்லை. ஓர் உயிரைக் காக்க எடுத்த முடிவுக்கு இன்னோர் உயிர் விலை கொடுத்தது. உணவு வலை பற்றி நான் கரும்பலகையில் வரையும் அம்புக்குறிகளை விட இந்த ஒரு தீவு அதிகம் கற்றுக்கொடுக்கும்.

அப்படியானால் பூங்காக்களுக்குப் போகலாமா, கூடாதா? போகலாம் என்பதே என் கருத்து. ஆனால் தேர்ந்தெடுத்துப் போக வேண்டும். உங்கள் டிக்கெட் பணம் ஒரு வாக்குச்சீட்டு மாதிரி. அதைப் போடும் முன் மூன்று கேள்விகள் கேளுங்கள்.

முதல் கேள்வி: இங்கே வரும் விலங்கு திரும்பிப் போகுமா? அடிபட்டதும் தாயை இழந்ததும் சிகிச்சைக்குப் பின் காட்டுக்கு அனுப்பப்படுகிறதா, அல்லது வந்ததெல்லாம் காட்சிப் பொருளாகிவிடுகிறதா?

இரண்டாவது: வேலிக்கு வெளியே இவர்கள் என்ன செய்கிறார்கள்? பொனொரோங் எனக்குப் பிடித்துப்போனது இந்தக் கேள்வியால்தான். அவர்கள் தீவு முழுவதற்கும் 24 மணி நேர மீட்புச் சேவை நடத்துகிறார்கள். பொதுமக்களுக்குப் பயிற்சி கொடுத்துத் தொண்டர்களாக்குகிறார்கள். காயம்பட்ட காட்டுவிலங்குகளுக்கு மருத்துவமனையும் உண்டு. நாங்கள் பார்த்த கூண்டுகள் அந்த வேலைக்கு முன்வாசல் மாதிரிதான்.

மூன்றாவது: விலங்குக்கு நம்மிடமிருந்து ஒதுங்கிக்கொள்ள இடம் இருக்கிறதா? அங்கே கங்காருகள் திறந்த வெளியில் உலவின. உணவு வேண்டுமென்றால் அருகே வந்தன. போதும் என்று தோன்றினால் போய்விட்டன. விலங்கு போக முடியாதபடி பிடித்துவைத்துப் படம் எடுக்கவிடும் இடமாக இருந்தால், படம் எவ்வளவு அழகாக வந்தாலும் அங்கே காசு கொடுக்காதீர்கள்.

டாஸ்மேனியாவில் வண்டி ஓட்டுபவர்களுக்குச் சொல்லித்தரும் ஒரு பழக்கத்தையும் இங்கே சொல்ல வேண்டும். சாலையில் அடிபட்டுக் கிடக்கும் வாலபியையோ வோம்பாட்டையோ கண்டால், பாதுகாப்பாக வண்டியை நிறுத்திவிட்டு அதன் பையைப் பார்க்கச் சொல்கிறார்கள். தாய் இறந்தாலும் பைக்குள் குட்டி உயிரோடு இருக்கலாம். பிறகு உடலைச் சாலையிலிருந்து அப்புறப்படுத்த வேண்டும். ஏனென்றால் அதைத் தின்ன வரும் டெவில் அடுத்த வண்டியில் அடிபடும். பூங்காவில் நாம் பார்க்கும் அநாதைக் குட்டிகளில் பல இப்படிச் சாலையிலிருந்து வந்தவை.

இதைக் கேட்டபோது என் மனம் நம் நாட்டுச் சாலைக்குப் போய்விட்டது. 2025 மே 11, அன்னையர் தினம். கிரிக் - ஜெலி நெடுஞ்சாலையில் லாரியில் அடிபட்டு ஒரு யானைக்குட்டி இறந்தது. தாய் யானை அந்த லாரியின் மேல் தலையைச் சாய்த்துக்கொண்டு, அந்த இடத்தை விட்டு நகராமல் நின்ற காணொளியை நீங்களும் பார்த்திருப்பீர்கள், பகிர்ந்திருப்பீர்கள். அன்று நாடே கண்கலங்கியது. அதன் பின் இரவில் காட்டுச் சாலையில் வேகத்தைக் குறைத்தவர்கள் நம்மில் எத்தனை பேர்?

டாஸ்மேனியா வரை போய் அவர்களின் விலங்குக்காக வருந்திவிட்டு வருகிறோம். நம் காடுகளில் மலாயாப் புலி 150க்கும் குறைவாகத்தான் எஞ்சியிருக்கிறது. தைலசினுக்கு நேர்ந்தது நம் புலிக்கும் நேரலாம் என்பது கற்பனை இல்லை. அங்கே சட்டம் 59 நாள் முன்னால் வந்தது. நமக்குச் சட்டம் எப்போதோ வந்துவிட்டது. கண்ணி வைப்பவனைக் கண்டால் புகார் கொடுக்கும் பொறுப்பும், காட்டை ஊடறுக்கும் சாலையில் மெதுவாகப் போகும் பொறுமையும்தான் நமக்கு இன்னும் வரவில்லை.

படங்களைக் காட்டி முடித்த பிறகு என் மாணவர்களுக்கு ஒரு வேலை கொடுத்தேன். நம் நாட்டு விலங்கு ஒன்றைத் தேர்ந்தெடுத்து, அது எங்கே வாழ்கிறது என்று எழுதாமல், எதனால் சாகிறது என்று எழுதி வாருங்கள் என்றேன். மறுநாள் ஒரு மாணவி தெனுக் என்று மலாயில் சொல்லும் தாப்பிரைப் பற்றி எழுதி வந்தாள். கடைசி வரியில், "எங்கப்பா லாரி ஓட்டுறார். அவர்கிட்ட சொல்லிட்டேன் டீச்சர்" என்று எழுதியிருந்தாள்.

அடுத்த விடுமுறையில் நீங்கள் தைப்பிங் போனாலும் சரி, கப்பலேறி வேறு தேசம் போனாலும் சரி, படம் எடுங்கள், பிள்ளைகளோடு மகிழ்ந்திருங்கள். ஆனால் முதல் கூண்டின் முன் நின்றதும் அவர்களிடம் அந்தக் கேள்வியைக் கேட்டுவிடுங்கள்: இது ஏன் இங்கே இருக்கிறது? பதில் தெரியாவிட்டால் அங்குள்ள ஊழியரைக் கேளுங்கள். பதில் சொல்ல அவரிடம் ஏதாவது இருந்தால், அந்தப் பூங்காவுக்கு நீங்கள் கொடுத்த காசு வீண் போகவில்லை.