பானை ஓடும் பழைய வீடும்



யாழ்ப்பாணத்திலிருந்து பருத்தித்துறை வீதியால் போனால் நல்லூரைத் தாண்டிக் கோப்பாய் வரும். இன்று தோட்டக் காணிகள் நிறைந்த இந்த ஊரில் அன்று ஒரு கோட்டை இருந்தது. 1560-இல் போர்த்துக்கேயர் நல்லூரைத் தாக்கியபோது சங்கிலி மன்னன் பின்வாங்கியது இங்கேதான்.

இதைவிட மூத்த கதை வேண்டுமா? மேற்கே வழுக்கையாற்றுப் பக்கம் போகவேண்டும். மாரி மழைக்கு மட்டும் ஓடும் ஆறு அது. அதன் ஓரத்துக் கந்தரோடையை 1970-இல் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தார் தோண்டினார்கள். கிடைத்தவற்றில் முக்கியமானவை என்ன தெரியுமா? நம்மைப் போன்ற பெண்கள் புழங்கிய சட்டி பானை ஓடுகள்! உள்ளே கறுப்பு, வெளியே சிவப்பு. கவிழ்த்து வைத்துச் சுடும்போது காற்றுப்படாத உட்புறமும் விளிம்பும் கறுத்துவிடும், வெளிப்புறம் சிவந்துவிடும். ஆனைக்கோட்டையில் 1980-இல் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தார் கண்ட புதைகுழியிலும் இத்தகைய மட்கலங்கள் இருந்தன. கூடவே பிராமி எழுத்துப் பொறித்த சிறிய முத்திரை ஒன்றும் கிடைத்தது. இவையெல்லாம் இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்டவை.

மண்ணுக்குள் இருந்தது தப்பியது. மண்ணுக்கு மேலே இருப்பதுதான் அழிகிறது. நல்லூரில் வீதியோரம் நிற்கும் மந்திரிமனையைப் பாருங்கள். பெயர் மன்னர் காலத்தைச் சொன்னாலும், இப்போதுள்ள கட்டடம் பிற்காலத்தது என்பது ஆய்வாளர் கருத்து. அழகிய மரவேலை கொண்ட அந்த வீட்டின் ஒரு பகுதி 2025-இல் மழையில் இடிந்து விழுந்தது. நாளைக்குப் பார்ப்போம் என்று விட்ட வீடு எத்தனை மழையைத் தாங்கும்?

சகோதரிகளே, வீடு போனால் என்ன போகும் என்று நமக்குச் சொல்லித் தரவேண்டியதில்லை. 1990 ஒக்டோபரில் யாழ்ப்பாண முஸ்லிம்கள் சில மணி நேர அவகாசத்தில் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டார்கள். பலர் திரும்பிப் போனபோது கூரையும் கதவும் இல்லாத சுவர்களைத்தான் கண்டார்கள். அந்த வீடுகளின் முற்றமும் கிணறும் அடுப்படியும் இன்று மூத்தவர்களின் நினைவில்தான் இருக்கின்றன.

ஆகவே ஒரு வேலை செய்யுங்கள். வீட்டிலுள்ள உம்மும்மாவிடம் அவர் பிறந்த வீட்டைப் பற்றிக் கேளுங்கள். எந்தத் தெரு, எத்தனை அறை, கிணறு எந்தப் பக்கம், பக்கத்து வீட்டில் யார் இருந்தார்கள் என்று பிள்ளைகளை ஒரு கொப்பியில் எழுதச் சொல்லுங்கள். பழைய உறுதியும் புகைப்படமும் இருந்தால் பிரதி எடுத்து வையுங்கள். பானை ஓடு மண்ணுக்குள் இரண்டாயிரம் வருடம் காத்திருக்கும். மனிதரின் ஞாபகம் அப்படிக் காத்திராது.