நம் அம்மியில் ஜப்பானிய எள்ளுச் சோஸ்

எள்ளு என்றதும் நமக்கு எள்ளுருண்டையும் நல்லெண்ணெயும்தான் நினைவுக்கு வரும். மாத்தளை மாவட்டத்தின் உலர் பகுதியான தம்புள்ளை, கலேவெலப் பக்கத்தில் சிறுபோகத்தில் விளையும் எள்ளும் இனிப்பாக நம் வாய்க்கு வருகிறது. ஜப்பானியரோ அதை வறுத்து அரைத்து, அவித்த மரக்கறிக்கும் இறைச்சிக்கும் தொட்டுக்கொள்கிறார்கள். அதன் பெயர் ‘கொமா தாரே’. ‘கொமா’ என்றால் எள்ளு. உட்புறம் வரிவரியாகக் கீறிய மண் சட்டியில் மர உலக்கையால் அரைப்பது அவர்கள் வழக்கம். நமக்கு அம்மி போதும்.

தேவையானவை (நால்வருக்கு): வெள்ளை எள்ளு 4 மேசைக்கரண்டி, சோயா சோஸ் 1 மேசைக்கரண்டி, தேசிக்காய்ப் புளி 1 மேசைக்கரண்டி, சீனி 2 தேக்கரண்டி, ஆறிய கொதிநீர் 3 மேசைக்கரண்டி.

செய்முறை: எள்ளைக் கழுவி, மண் போக அரித்து, நன்றாகக் காயவிடுங்கள். வெறும் தாச்சியில், மெல்லிய நெருப்பில் கைவிடாமல் கிளறி வறுங்கள். படபடவென வெடித்து மணம் வந்ததும் உடனே வேறு தட்டில் கொட்டுங்கள். தாச்சியிலேயே விட்டால் சூட்டில் கருகிக் கசக்கும். ஆறிய பின் எண்ணெய் கசியும் வரை அரைத்து, சீனி, சோயா சோஸ், புளி சேர்த்துக் குழையுங்கள். தண்ணீரைச் சிறிது சிறிதாக விட்டால்தான் கட்டிபடாது. அவித்த போஞ்சி, கரட், கோவாவுடன் வையுங்கள். மரக்கறியை ஒதுக்கும் பிள்ளைகளும் தொட்டுப் பார்ப்பார்கள்.

உப்புப் போடவே வேண்டாம். ஒரு மேசைக்கரண்டி சோயா சோஸிலேயே ஏறக்குறைய 2 கிராம் உப்பு உண்டு. ஒரு நாளுக்கு 5 கிராமுக்குக் குறைவாகவே உப்புச் சேர்க்கும்படி உலகச் சுகாதார நிறுவனம் கூறுகிறது. இரத்த அழுத்தம் உள்ளவர்கள் சோஸை இன்னும் குறையுங்கள்.

எள்ளில் இரும்புச்சத்து உண்டு. ஆனால் சாப்பாட்டோடு பிளேன் டீ குடித்தால், அந்த இரும்பு உடலில் சேர்வதைத் தேயிலை தடுக்கும். தேசிக்காய்ப் புளியோ அது சேர உதவும். ஆகவே தேநீரை ஒரு மணித்தியாலம் தள்ளிக் குடியுங்கள். சோகை உள்ள பெண்களுக்கு எள்ளு மட்டும் போதாது. கிளினிக்கில் தந்த மாத்திரையை நிறுத்தாதீர்கள்.

சில பிள்ளைகளுக்கு எள்ளு ஒவ்வாது. முதற்தடவை சிறிதளவே கொடுங்கள். உடல் தடித்து அரித்தாலோ, உதடு வீங்கினாலோ மேலும் கொடுக்காமல் வைத்தியரிடம் காட்டுங்கள். மூச்சுத் திணறினால் ஒரு நிமிடமும் தாமதிக்காமல் வைத்தியசாலைக்குக் கொண்டு செல்லுங்கள்.

குளிர்சாதனப் பெட்டி இல்லாத வீட்டில் அன்றைக்குத் தேவையானதை மட்டும் கரையுங்கள். வறுத்த எள்ளை ஈரமில்லாத போத்தலில் இறுக மூடி வைத்தால், அடுத்த தடவை வேலை பாதியாகும்.