‘சும்மா சும்மா’ என்பது இரண்டு ‘சும்மா’ அல்ல

‘சும்மா’ என்ற ஒரே சொல்லுக்கு 15 பொருள் உண்டு, இப்படியொரு சொல் உலகில் வேறெந்த மொழியிலும் கிடையாது என்று ஒரு பட்டியல் பல ஆண்டுகளாகத் தமிழர்களிடையே சுற்றிவருகிறது. மேடையில் சொல்லிக் கைதட்டு வாங்குகிறார்கள். கைப்பேசியில் யாராவது யாருக்காவது அனுப்பிக்கொண்டே இருக்கிறார்கள். அந்தப் பட்டியலின் நடுவில் ‘சும்மா சும்மா’வும் வரும். ‘மறுபடியும் மறுபடியும்’ என்று பக்கத்தில் ஒரு குறிப்பு. அதோடு அதன் கதை முடிந்துவிடும்.

தமிழ்மேல் உள்ள பிரியத்தால்தான் இதைப் பரப்புகிறார்கள். அந்தப் பிரியம் எனக்கும் உண்டு, அதனால்தான் மறுக்க வேண்டியிருக்கிறது. அந்தச் சொல்லில் உண்மையிலேயே வியக்க வேண்டியது எதுவோ, அதை அந்தப் பட்டியல் முழுக்க மறைத்துவிடுகிறது.

முதலில் அந்த 15. எப்படி எண்ணினார்கள் என்று பார்த்தால், வாக்கியங்களை எண்ணியிருக்கிறார்கள். ‘சும்மா இரு’ என்றால் பேசாமல் இரு. ‘பையன் வீட்டுல சும்மாதான் இருக்கான்’ என்றால் வேலை இல்லாமல். ‘கடைக்காரர் சும்மா குடுத்தார்’ என்றால் காசு வாங்காமல். ‘சும்மாதான் வந்தேன்’ என்றால் காரியம் எதுவும் இல்லாமல். ‘சும்மா சொன்னேன்’ என்றால் மனதில் அப்படி எண்ணம் இல்லாமல். ‘கல்யாண வீட்டுக்குச் சும்மாவா போறது?’ என்றால் கையில் ஒன்றும் இல்லாமல். இந்த விளக்கங்கள் எல்லாவற்றிலும் தவறாமல் வரும் சொல் ஒன்று இருக்கிறது: ‘இல்லாமல்’. பேச்சு இல்லாமை, வேலை இல்லாமை, விலை இல்லாமை, காரணம் இல்லாமை. எது இல்லை என்பதை இடம் சொல்கிறது. ஏதோ ஒன்று இல்லை என்பதை மட்டும் சொல் சொல்கிறது. இவை பல பொருள்கள் அல்ல, ஒரே பொருள்தான். நிரப்பப்படாத ஓர் இடத்தை அந்தப் பொருள் தனக்குள் வைத்திருக்கிறது. கேட்பவர் அந்த இடத்தைக் கண நேரத்தில் சரியாக நிரப்பிவிடுகிறார்.

ஒரு பயன்பாடு மட்டும் இந்தக் கணக்கில் சேராமல் நிற்கிறது. ‘சும்மா பின்னி எடுத்துட்டான்’, ‘சும்மா நெருப்பு மாதிரி வேலை பாக்குறா’ என்று பாராட்டும்போது எதுவும் இல்லாமல் போகவில்லை. சொல் அங்கே வியப்பின் அழுத்தமாக மாறியிருக்கிறது. அதைத் தனிப் பொருளாகவே கொள்ள வேண்டும். ஆக இரண்டு, மிஞ்சினால் மூன்று. ‘களைப்பாற’, ‘சோம்பேறித்தனமாக’, ‘வீணாக’ என்று தனித்தனியே எண் போட்டால் 15 என்ன, 50 கூட வரும். எந்தச் சொல்லுக்கும் வரும்.

அடுத்தது, பள்ளிக்கூடத்திலிருந்தே நம்மோடு வரும் நம்பிக்கை: ஒரு சொல்லை இரண்டு முறை சொன்னால் அது அழுத்தத்துக்காக. ‘பாம்பு பாம்பு’ என்றால் அச்சம், ‘போ போ’ என்றால் விரைவு அல்லது வெகுளி, ‘வாழ்க வாழ்க’ என்றால் உவகை. பிரித்தால் பொருள் தருவது அடுக்குத்தொடர், பிரித்தால் பொருள் தராதது ‘சலசல’, ‘கலகல’ போன்ற இரட்டைக்கிளவி. இந்த இரண்டு பெட்டிக்குள் தமிழின் இரட்டிப்பு முழுவதும் அடங்கிவிடும் என்று தேர்வுத்தாள் நமக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறது. ‘சும்மா சும்மா’ அடங்காது.

பிரித்துப் பாருங்கள். ‘சும்மா’ தனியே நின்று பொருள் தருகிறது. ஆகவே இரட்டைக்கிளவி அல்ல. அப்படியானால் அடுக்குத்தொடரா? அடுக்குத்தொடர் என்றால் ஒற்றையில் இருந்த பொருளே இரட்டையிலும் இருக்க வேண்டும். இங்கே இல்லை. ‘சும்மா கூப்பிட்டேன்’ என்பது அன்பான பேச்சு. குரல் கேட்கத் தோன்றியது, கூப்பிட்டேன், அவ்வளவுதான். ‘சும்மா சும்மா கூப்பிடாதே’ என்பது எரிச்சல். முன்னதை எவ்வளவு அழுத்திச் சொன்னாலும் பின்னது வராது.

மற்ற பொருள்களையும் இரட்டித்துப் பார்க்கலாம். வாயை மூடு என்ற பொருளில் ‘சும்மா சும்மா இரு’ என்று எந்தத் தாயும் பிள்ளையை அதட்டுவதில்லை. ‘கடைக்காரர் சும்மா சும்மா குடுத்தார்’ என்றால் இலவசம் என்ற பொருளே காணாமல் போய்விடுகிறது. கேட்காமலே திரும்பத் திரும்ப எதையோ நீட்டிக்கொண்டிருந்தார் என்றுதான் காதில் விழும். காரணம் இல்லாமை என்ற ஒரே ஒரு பொருள்தான் இரட்டிப்பைத் தாண்டி உயிரோடு வருகிறது. வரும்போது ‘பல தடவை’ என்ற புதுச் சரக்கையும் ஏற்றிக்கொண்டு வருகிறது.

அதனால் ஒருமுறை மட்டுமே நடக்கக்கூடிய செயலோடு அது சேராது. ஒருவர் சும்மா சும்மா இறக்க முடியாது, சும்மா சும்மா பிறக்க முடியாது. சும்மா சும்மா அழலாம், கோபப்படலாம், கதவைத் தட்டலாம், தும்மக்கூடச் செய்யலாம். இந்த விதியை நமக்கு யாரும் கற்றுத்தரவில்லை. நான்கு வயதுக் குழந்தைகூட இதில் பிழை செய்வதில்லை. அடுக்குத்தொடரை மூன்று முறை, நான்கு முறை அடுக்க நன்னூல் இடம் தருகிறது. ‘தீ தீ தீ’ என்று கத்தலாம். ‘சும்மா சும்மா சும்மா அழாதே’ என்று யாரும் சொல்வதில்லை. இரண்டோடு அது முழுமையாகிவிடுகிறது, ஒரே மூச்சில், ஒரே சொல்லாக.

பட்டியல் தரும் ‘மறுபடியும் மறுபடியும்’ என்ற விளக்கமும் போதாது. விருந்தாளியை வாசல்வரை வந்து வழியனுப்பும்போது ‘அடிக்கடி வாங்க’ என்கிறோம். அதே இடத்தில் ‘சும்மா சும்மா வாங்க’ என்று சொன்னால் வந்தவர் அப்புறம் அந்தத் தெருப்பக்கமே வரமாட்டார். அடிக்கடி என்பது எண்ணிக்கை. சும்மா சும்மா என்பது எண்ணிக்கையும் தீர்ப்பும் சேர்ந்தது. இத்தனை தடவை நடந்தது, ஒரு தடவைக்குக்கூடத் தக்க காரணம் இல்லை என்று பேசுபவர் முடிவு செய்துவிட்டார். ‘உனக்குச் சும்மா சும்மா போன் பண்ண எனக்கென்ன பைத்தியமா?’ என்று ஒருவர் கொதிக்கும்போது, அழைத்ததை அவர் மறுக்கவில்லை. காரணமில்லை என்ற தீர்ப்பைத்தான் மறுக்கிறார்.

தொல்காப்பியர் இந்த விஷயத்தில் நம் தேர்வுத்தாளைவிட விரிந்த பார்வை உள்ளவர். ஒரு சொல் அடுக்கி வருவதை இசை நிறைக்க வருவது, அசைநிலையாக வருவது, பொருளோடு சேர்ந்து வருவது என்று மூன்றாக வகுத்தார். அந்த மூன்றாவது கதவு வழியாக எத்தனையோ உள்ளே வரலாம். ‘யார் யார் வந்தார்கள்?’ என்றால் வந்தவர்கள் பலர். ‘ஆளுக்குப் பத்துப் பத்து’ என்றால் பங்கீடு. ‘போகப் போகத் தெரியும்’ என்றால் காலத்தின் நீட்சி. ‘வேறு வேறு’ என்றால் ஒன்றுக்கொன்று மாறுபாடு. இவை எதிலும் அழுத்தம் வேலை செய்யவில்லை, இலக்கணம் வேலை செய்கிறது. இத்தனையையும் விட்டுவிட்டுப் பாம்பையும் தீயையும் மட்டும் திரும்பத் திரும்பப் பாடத்தில் வைப்பது பிள்ளைகளுக்குச் செய்யும் அநியாயம் என்றே நினைக்கிறேன்.

‘சும்மா’ கொச்சை, எழுத்தில் வரக் கூடாதது என்று சொல்பவர்களுக்கு நீண்ட பதில் தேவையில்லை. அருணகிரிநாதரின் கந்தர் அனுபூதியில் முருகன் தரும் உபதேசத்தில் இந்தச் சொல்தான் வருகிறது. தாயுமானவர் இதையே ஞானத்தின் முடிவான நிலைக்குப் பெயராக்கினார். வீட்டில் பிள்ளையை அதட்டும் அதே ‘சும்மா இரு’தான் அங்கேயும்.

இனி, ‘வேறெந்த மொழியிலும் இல்லை’ என்ற பெருமை. இதைத்தான் கொஞ்சம் விரிவாகப் பார்க்க வேண்டும்.

ஓசூரைத் தாண்டினாலே அது உடைந்துவிடுகிறது. கன்னடத்தில் ‘சும்னிரு’ என்றால் பேசாமல் இரு. ‘சும்னே பந்தே’ என்றால் சும்மா வந்தேன். இரட்டிப்பும் உண்டு: ‘சும்சும்னே’. ‘சும்சும்னே பைதானே’ என்றால் காரணமே இல்லாமல் திட்டுகிறான் என்று பொருள். நம்முடையதற்கும் அதற்கும் நூலளவு வேறுபாடு இருக்கிறது. நம் ‘சும்மா சும்மா’வில் ‘பல தடவை’ முன்னால் நிற்கும். கன்னடத்தில் ‘காரணமில்லாமை’ முன்னால் நிற்கிறது. ஒரே ஒரு தடவை திட்டினாலும் அது ‘சும்சும்னே’ ஆகலாம். மலையாளத்திலும் ‘சும்மா’ அன்றாடச் சொல். அங்கே ‘சும்மாதல்ல’ என்றால் ‘பின்னே, காரணமில்லாமலா!’ என்று பொருள்.

இவை ஒரே குடும்பத்துச் சொற்கள் என்று ஒதுக்கலாம். தெலுங்கை ஒதுக்க முடியாது. அங்கே சொல்லே வேறு: ‘ஊரிகே’. ‘ஊரிகே வச்சானு’ என்றால் சும்மா வந்தேன். ‘ஊரிகே இச்சாடு’ என்றால் சும்மா கொடுத்தான், காசில்லாமல். அதோடு தொடர்புடைய ‘ஊருகோ’ என்றால் பேசாமல் இரு. தெலங்கானாப் பேச்சில் இது ‘ஊகே’ என்று குறுகி, ‘ஊகே ஊகே’ என்று இரட்டித்து, காரணமில்லாமல் திரும்பத் திரும்ப என்ற பொருளைத் தருகிறது. வேர் வேறு, வந்த வழி வேறு. மௌனம், இலவசம், காரணமின்மை என்ற அதே மூன்று வாசல்கள். இலங்கையில் சிங்களவர் சொல்லும் ‘நிகங்’ என்பதும் அப்படியே: சும்மா இருப்பது, சும்மா கொடுப்பது, சும்மா சொல்வது எல்லாவற்றுக்கும் அது ஒன்றே போதும். மும்பை இந்தியில் ‘காலி பீலி’ என்ற எதிரொலிச் சொல் ‘காரணமில்லாமல்’ என்ற வேலையைச் செய்கிறது. ‘காலி’ என்றால் வெறுமை என்று நமக்கே தெரியும்.

சொல்லை இரட்டித்துப் புதுப்பொருள் ஆக்குவது இந்தியத் துணைக்கண்டம் முழுவதற்கும் பொதுவான குணம். குடும்பம் வேறான மொழிகள்கூட இங்கே பக்கத்தில் வாழ்ந்தே ஒரே வார்ப்பாகின்றன என்று மொழியறிஞர் எமனோ 1956இல் எழுதிய கட்டுரை மொழியியலில் ஒரு திருப்புமுனை. அன்விதா அப்பி 1992இல் தெற்காசிய மொழிகளின் இரட்டிப்பைப் பற்றி ஒரு முழு நூலே எழுதினார். தமிழ் இந்தப் பெரிய உறவில் ஒரு மூத்த உறுப்பினர். தனித்தீவு அல்ல.

கடல் கடந்தும் இந்தச் சொல் போயிருக்கிறது. மலாய் மொழியின் ‘சூமா’வை மொழியறிஞர்கள் தமிழின் ‘சும்மா’விலிருந்து வந்ததாகவே கொள்கிறார்கள். கடை அங்கே ‘கெடாய்’ ஆனது, கப்பல் ‘காப்பால்’ ஆனது, கட்டில் ‘காத்தில்’ ஆனது, பெட்டி ‘பெத்தி’ ஆனது. சுமாத்திராவின் பாரூஸ் அருகே கிடைத்த 1088ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு, ஐந்நூற்றுவர் வணிகக் குழு அங்கே இயங்கியதைக் காட்டுகிறது. விலை பேசுகிற இடத்தில் ‘சும்மா’ என்ற சொல் காதில் விழாமலா இருந்திருக்கும்?

போன இடத்தில் அது தன் போக்கில் வளர்ந்தது. ‘சூமா’ என்றால் இன்று முதன்மையாக ‘மட்டும்’ என்று பொருள். ‘சூமா சாத்து’ என்றால் ஒன்றே ஒன்று. முன்னொட்டு சேர்ந்து ‘பெர்சூமா’ என்று ஒரு சொல் பிறந்தது. மலேசியாவில் நிகழ்ச்சி அறிவிப்பில் ‘பெர்சூமா’ என்று இருந்தால் அனுமதி இலவசம். இந்தோனேசியாவில் அதே சொல்லுக்கு ‘பயனில்லை, வீண்’ என்று பொருள். ஜகார்த்தாக்காரர் ஒருவர் கோலாலம்பூர்க் கடையில் ‘பெர்சூமா’ என்ற பலகையைப் பார்த்துத் திகைப்பது இரண்டு நாட்டாரும் சொல்லிச் சிரிக்கும் கதை. ஒருவருக்கு விலை இல்லாமை, இன்னொருவருக்குப் பயன் இல்லாமை. நம் ‘சும்மா’வில் இந்த இரண்டு இல்லாமையும் ஒரே கூரையின் கீழ் இருந்தவைதான்.

இரட்டிப்பு அங்கே எங்கே போய் நின்றது என்பதுதான் எனக்குப் பெரிய வியப்பு. இந்தோனேசிய மொழியில் ‘சூமா-சூமா’ என்றால் இலவசம். தமிழில் இரட்டித்த உடனே எந்தப் பொருள் உதிர்ந்துவிடுகிறதோ, அங்கே இரட்டித்ததும் அந்தப் பொருள்தான் நிலைத்திருக்கிறது. தெருப்பேச்சுச் சொல்லாகவும் அது நின்றுவிடவில்லை. வழக்கறிஞர்கள் ஏழைகளுக்குக் கட்டணமின்றிச் சட்ட உதவி செய்வது பற்றி இந்தோனேசிய அரசு 2008இல் பிறப்பித்த 83ஆம் எண் ஒழுங்குவிதியின் தலைப்பிலேயே ‘சூமா-சூமா’ இருக்கிறது. நம் வீட்டில் சிணுங்கும் பிள்ளையை அதட்டப் பயன்படும் சொல், அங்கே நீதிமன்ற வாசலில் ஏழையின் உரிமைக்குப் பெயர். அங்கே இரட்டிப்பின் போக்கே வேறு: ‘ஜாலான்’ என்றால் சாலை அல்லது நடை, ‘ஜாலான்-ஜாலான்’ என்றால் உலாப் போவது, ‘மாத்தா’ கண், ‘மாத்தா-மாத்தா’ ஒற்றன். அந்த மண்ணின் விதிப்படி நம் சொல் இரட்டித்துக்கொண்டது.

கடைசியாக ஒன்று: தமிழர் எல்லோரிடமும் இந்தச் சொல் ஒரே மாதிரிதான் புழங்குகிறது என்ற எண்ணம். சென்னைப் பேச்சில் விளையாட்டுக்குச் சொன்னது என்ற பொருளுக்கு ‘சும்மாங்காட்டியும்’ என்று தனி உருவமே இருக்கிறது. அதை யாரும் இரட்டிப்பதில்லை. ‘சும்மனாச்சும் சொன்னேன்’ என்பார் இன்னொருவர். யாழ்ப்பாணத்தில் ‘சும்மா சும்மா விசர்க்கதை கதையாதை’ என்னும்போது, இரட்டைச் சொல்லின் தீர்ப்போடு ‘விசர்’ (பைத்தியம்) என்ற கடுமையும் சேர்ந்துகொள்கிறது. கரிசல் வழக்குக்கு கி. ராஜநாராயணனும் கொங்கு வழக்குக்குப் பெருமாள்முருகனும் அகராதி தொகுத்தார்கள்; தற்காலத் தமிழுக்கென்று க்ரியா அகராதி 1992இல் வந்தது. அந்த வரிசையில் இன்னும் தொகுக்க வேண்டியவற்றில் இரட்டிப்புச் சொற்களை முதலில் வைப்பேன். எந்த ஊரில், யார் யாரிடம், எந்தச் செயலோடு, கோபத்திலா கொஞ்சலிலா என்று ஒவ்வொன்றையும் குறித்துக்கொள்ள வேண்டும். கைக்குழந்தை சும்மா சும்மா சிரிக்கிறது என்று ஒரு பாட்டி சொல்லும்போது, அதே இரட்டைச் சொல்லில் எரிச்சலின் சுவடுகூட இல்லையே. அது எந்தப் பட்டியலில் இருக்கிறது?