மிதக்கும் தீவுக்குப் போக ஆசையா?

நரை கிடையாது. மூப்பு கிடையாது. சாவும் கிடையாது. அப்படி ஒரு தீவு இருக்கிறது என்று யாராவது சொன்னால், நீங்கள் போவீர்களா?

"இதென்ன கேள்வி? இப்போதே கிளம்பிவிடுவேன்!" என்றுதான் பலரும் சொல்வார்கள்.

நான் போகமாட்டேன். ஏன் என்று சொல்லுகிறேன். அதற்கு முன் அந்தத் தீவின் கதையைக் கேளுங்கள்.

ஆமைகள் சுமந்த தீவுகள்

சீனாவில் "லியெஸி" என்று ஒரு பழைய நூல் உண்டு. இந்தக் கதை அதில்தான் வருகிறது.

கிழக்குக் கடலுக்கு அப்பால் ஐந்து மலைத் தீவுகள் இருந்தனவாம். அங்கே மாளிகைகள் எல்லாம் பொன்னாலும் மணியாலும் ஆனவை. மரங்களில் முத்துக்கள் காய்த்துத் தொங்கும். அங்குள்ள பழத்தைத் தின்றவனுக்கு மூப்பும் இல்லை, சாவும் இல்லை. அங்கு வாழ்ந்த சித்தர்கள், பறவைபோல் தீவுக்குத் தீவு பறந்து போவார்கள்.

ஆனால் ஒரு குறை. அந்தத் தீவுகளுக்கு அடித்தளமே இல்லை! அலையோடு அலையாக மிதந்து, அங்கும் இங்கும் அலைந்துகொண்டிருந்தன. சித்தர்கள் விண்ணுலக அரசனிடம் முறையிட்டார்கள். அவன் கட்டளைப்படி 15 பெரிய ஆமைகள் வந்தன. தீவுகளைத் தலையில் தாங்கி நின்றன. ஆமைகளுக்கு முறை மாற்றி வேலை. ஒரு முறை என்பது எவ்வளவு காலம் தெரியுமா? 60,000 வருஷம்!

ஒரு நாள் ஒரு ராட்சதன் வந்தான். தூண்டில் போட்டு ஆறு ஆமைகளைப் பிடித்தான். முதுகில் சுமந்துகொண்டு போய்விட்டான். தாங்குவார் இல்லாமல் இரண்டு தீவுகள் வடக்கே மிதந்து போய் மூழ்கின. மிச்சம் மூன்று. அவற்றுள் பெயர் பெற்றது பெங்லாய்.

சக்கரவர்த்தியின் ஆசை

இது கதை. இந்தக் கதையை நிஜம் என்று நம்பினான் ஒரு சக்கரவர்த்தி. அவன் பெயர் சின் ஷி ஹுவாங். கி.மு. 221-இல் சீனா முழுவதையும் ஒரு குடைக்கீழ் கொண்டுவந்தவன். அவனிடம் இல்லாதது ஒன்றுதான்: சாகாவரம்.

கி.மு. 219-இல் சூ ஃபூ என்பவன் அவனிடம் வந்தான். கடலில் சித்தர்கள் வாழும் மூன்று தீவுகள் இருப்பதாகச் சொன்னான். சக்கரவர்த்தி கப்பல்களைக் கொடுத்தான். ஆயிரக்கணக்கான சிறுவர் சிறுமியரையும் கூட அனுப்பினான். சீன சரித்திராசிரியர் சூமா சியென் இதை எழுதி வைத்திருக்கிறார்.

தீவு கிடைத்ததா? இல்லை. தூரத்திலிருந்து பார்த்தால் அது மேகம்போல் தெரியுமாம். கப்பல் நெருங்கினால் நீருக்குள் போய்விடுமாம்! சீனாவின் ஷாண்டோங் கடற்கரையில் பெங்லாய் என்ற பெயரிலேயே ஓர் ஊர் இன்றும் இருக்கிறது. அங்கே கடல்மேல் கானல் காட்சி தோன்றுவது உண்டு. குளிர்ந்த காற்றின்மேல் வெப்பக் காற்று படிந்து நிற்கும்போது ஒளி வளைகிறது. தொலைவில் உள்ள பொருள் அந்தரத்தில் மிதப்பதுபோல் தெரிகிறது. கதை பிறந்ததற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம்.

கி.மு. 210-இல் பிரயாணத்தின் நடுவிலேயே சக்கரவர்த்தி இறந்துபோனான். அப்போது அவனுக்கு வயது சுமார் 50.

அவனுக்காக நான் இரங்கவில்லை. கப்பலேறிய அந்தப் பிள்ளைகளை நினைத்துத்தான் மனம் வாடுகிறது. ஒருவன் தன் ஆயுளை நீட்டிக்கொள்ள ஆசைப்பட்டான். அதற்காக எத்தனை தாய்மார்கள் கடற்கரையைப் பார்த்துக்கொண்டு நின்றிருப்பார்கள்!

போய்ச் சேர்ந்தவன் கதி

சக்கரவர்த்திக்குக் கிடைக்காத தீவு ஒரு ஏழை மீனவனுக்குக் கிடைத்தது. இது ஜப்பானியர் சொல்லும் கதை. 720-ஆம் ஆண்டில் எழுதி முடித்த அவர்களுடைய பழைய சரித்திர நூலிலேயே இது இருக்கிறது. மீனவன் பெயர் உராஷிமா. அவன் போன இடத்துக்கு அந்த நூல் தரும் பெயர், அதே பெங்லாய்தான்.

அவன் ஓர் ஆமையைப் பிடித்தான். அது அழகிய பெண்ணாக மாறியது. அவளோடு தீவுக்குப் போனான். மூன்று வருஷம் இன்பமாக இருந்தான். பிறகு தாய் தந்தையரின் நினைவு வந்தது. "போய்ப் பார்த்துவிட்டு வருகிறேன்" என்றான். அவள் ஒரு பெட்டியைக் கொடுத்து, "இதை மட்டும் திறக்காதே" என்று சொல்லி அனுப்பினாள்.

ஊருக்கு வந்தான். வீட்டைக் காணோம். தெரிந்த முகம் ஒன்றுகூட இல்லை. எதிரே வந்தவரை விசாரித்தான். உராஷிமா என்று ஒருவன் கடலுக்குப் போனவன் திரும்பவே இல்லை என்றும், அது நடந்து 300 வருஷம் ஆயிற்று என்றும் அவர் சொன்னார்!

தீவில் மூன்று வருஷம். ஊரில் முந்நூறு வருஷம். மனம் உடைந்தவன் பெட்டியைத் திறந்தான். புகை எழுந்தது. ஒரு நொடியில் தலை நரைத்துக் கிழவனாகிவிட்டான்.

ஜப்பானில் கியோட்டோ பகுதியிலுள்ள இனே என்ற கடற்கரை ஊரில் உராஷிமாவுக்கு ஒரு கோவிலே இருக்கிறது.

விஞ்ஞானம் என்ன சொல்கிறது?

"எல்லாம் கட்டுக்கதை. காலம் இடத்துக்கு இடம் மாறுமா?" என்று நீங்கள் கேட்கலாம்.

மாறும் என்று 1905-இல் ஐன்ஸ்டீன் சொன்னார். வேகமாகப் போகிறவனுக்குக் காலம் மெதுவாக ஓடும் என்றார். 1971-இல் இரண்டு விஞ்ஞானிகள் அணுக் கடிகாரங்களை ஆகாய விமானத்தில் வைத்து உலகத்தைச் சுற்றிவந்தார்கள். தரையில் இருந்த கடிகாரத்தோடு அவை ஒத்துப்போகவில்லை. வேகமும் உயரமும் சேர்ந்து செய்த வேலை அது. ஆனால் வித்தியாசம் மிக மிகச் சிறியது. ஒரு விநாடியைக் கோடி கூறாக்கினால், அதில் மூன்று கூறுகூட இல்லை. ஜப்பானியர் இதற்கு வைத்திருக்கும் பெயர் என்ன தெரியுமா? "உராஷிமா விளைவு"!

ஆகவே இந்தக் கதையை வெறும் பொய் என்று தள்ளிவிடாதீர்கள். குழந்தைகளுக்குச் சொல்லுங்கள். பெரியவர்களும் கேளுங்கள்.

தீவில் காலம் நின்றது உண்மைதான். ஆனால் உராஷிமா ஒருவனுக்குத்தான் நின்றது. அவனைப் பெற்றவர்களுக்கு நிற்கவில்லை. அவர்கள் ஒவ்வொரு நாளாக எண்ணி, காத்திருந்து, மறைந்துபோனார்கள். உறவு இல்லாத ஊரில் இளமையை வைத்துக்கொண்டு அவன் என்ன செய்வான்? அதனால்தான் நான் அந்தத் தீவுக்குப் போகமாட்டேன் என்கிறேன்.

வேலைக்காக வெளியூர் போனவர்களுக்கும் இது பொருந்தும். வேலை மும்முரத்தில் நமக்கு ஒரு வருஷம் ஒரு மாதம்போல் ஓடிவிடுகிறது. வீட்டிலே வழி பார்த்திருப்பவர்களுக்கு ஒரு மாதமே ஒரு வருஷமாக இருக்கிறது. நாம் கிளம்பிய அன்று பார்த்த அதே முகத்தோடு அம்மா இருப்பார் என்று நினைத்துக்கொள்கிறோம். "அடுத்த பண்டிகைக்குப் பார்த்துக்கொள்ளலாம்" என்று தள்ளிப்போடுகிறோம்.

தள்ளிப்போடாதீர்கள். இந்த மாதமே ஒரு முறை ஊருக்குப் போய்வாருங்கள். அம்மாவின் தலையில் புதிதாக எத்தனை நரை என்று பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள்.