வேலைய விட்டு தூக்கினா ஆஸ்கர் கிடைக்குமாங்க?

போன வாரம் எங்க டேமேஜர் (அட, மேனேஜர்தாங்க) டீம் வாட்ஸப் குரூப்புல ஒரு படம் போட்டாரு. ஒரு பக்கம் பிராட் பேர்ட் மூஞ்சி, இன்னொரு பக்கம் ஆஸ்கர் சிலை. கீழ, டிஸ்னி துரத்தியும் மனம் தளராம ஜெயிச்சாரு, நீங்களும் ஜெயிக்கலாம்னு ஒரு வரி. உடனே 17 பேர் கட்டைவிரலைத் தூக்கிட்டாங்க.

எனக்குப் பத்திக்கிட்டு வந்துச்சு. ஏன்னா அந்தக் கதையில நடுவுல 18 வருஷத்தைக் காணோம்!

பிராட் பேர்ட் 1957ல அமெரிக்காவுல மொன்டானா மாநிலத்துல பொறந்தவர். 11 வயசுல ஒரு அனிமேஷன் படம் வரைய ஆரம்பிச்சு, முடிக்கக் கிட்டத்தட்ட 3 வருஷம் ஆச்சு. 'ஜங்கிள் புக்' படத்துல ஷேர் கான் புலியை வரைஞ்ச மில்ட் கால், அந்தப் பொடியனுக்குத் தானே தொழில் சொல்லிக் கொடுத்தார். அப்புறம் கால்ஆர்ட்ஸ்ல படிப்பு. அப்புறம் டிஸ்னியிலேயே வேலை. அங்க போய், "பெரியவங்க எங்களுக்குக் கத்துக்கொடுத்த தரம் இது இல்லையே"ங்கிற மாதிரி வாய் திறந்தார். சீட்டைக் கிழிச்சிட்டாங்க.

அவர் வேலை செஞ்ச டிஸ்னி படம் 'தி ஃபாக்ஸ் அண்ட் தி ஹவுண்ட்' வந்தது 1981ல. அவர் இயக்கின முதல் முழுநீளப் படம் 'தி அயர்ன் ஜெயன்ட்' வந்தது 1999ல. நடுவுல என்ன செஞ்சார்? டிவி வேலைங்க. 1987ல 'ஃபேமிலி டாக்', அப்புறம் 'தி சிம்ப்சன்ஸ்'. முதல் படம் வர்றப்போ வயசு 41. அதுவும் விமர்சகர்கள் கொண்டாடியும் வசூல்ல படுத்துடுச்சு. வார்னர் கம்பெனி ஒழுங்கா விளம்பரமே பண்ணல.

மனம் தளராததால ஜெயிச்சார்னா, இங்கயே கதை முடிஞ்சிருக்கணும். முடியலையே!

நான் சொல்ல வர்றது இனிமேதான். 2000ல பிக்ஸார் அவரைக் கூப்பிட்டுச்சு. அப்போ அவங்க எடுத்தது 3 படம், மூணும் ஹிட். "நல்லாத்தானே போகுது"ன்னு காலாட்டிக்கிட்டு இருந்திருக்கலாம். ஆனா அந்த மெத்தனம்தான் ஆபத்துன்னு பயந்து, வெளியாள் ஒருத்தரை, அதுவும் ஓடாத படம் எடுத்தவரைக் கொண்டு வந்தாங்க. அவர் உள்ள போய், யாரும் காது கொடுக்காம கடுப்புல உட்கார்ந்திருந்த ஆளுங்களைத் தேடிப் புடிச்சார். 'தி இன்க்ரெடிபிள்ஸ்' 2004ல வந்துச்சு. 'ராட்டடூயி' 2007ல. ரெண்டுக்கும் சிறந்த அனிமேஷன் படத்துக்கான ஆஸ்கர். வாங்கி வெளியிட்டது யாரு? அவரைத் தூக்கின அதே டிஸ்னி!

இதுல பாடம் துரத்தப்பட்டவனுக்கா, துரத்தினவனுக்கா?

எங்க டீம்ல போன வருஷம் ஒரு தம்பி, "இந்த ரிலீஸ் இன்னும் ரெடியாகல சார், டெஸ்டிங் பத்தாது"ன்னு மீட்டிங்லயே சொன்னான். ரிலீஸ் போச்சு, ரெண்டு நாள் ராத்திரி எல்லாரும் உட்கார்ந்து சரி பண்ணினோம். அப்ரைசல்ல அவனுக்கு என்ன வந்துச்சு தெரியுமா? "டீம் பிளேயர் இல்லை." தம்பி இப்போ நோட்டீஸ் பீரியட்ல இருக்கான். எழுதினவரும் படம் போட்டவரும் ஒரே ஆள்.

எதிர்த்துப் பேசுறவன் எல்லாம் ஜீனியஸான்னு கேப்பீங்க. இல்லைங்க. சும்மா நொட்டை சொல்ற ஆளையும் பார்த்திருக்கேன். ஆனா "எனக்கு ஏன் பிரமோஷன் தரல"ங்கிற சண்டை வேற, "இந்த வேலை இன்னும் நல்லா இருக்கணும்"ங்கிற சண்டை வேற. இந்த ரெண்டையும் பிரிச்சுப் பார்க்கத்தானே மேனேஜர்னு ஒருத்தர்?

பேர்டுக்கு ஒரு பிக்ஸார் கிடைச்சுது. கிடைக்காமப் போனவங்க மூஞ்சியை யாரும் வாட்ஸப்புல போடுறதில்லை.

சார், அந்தப் படத்தை குரூப்புல போடாதீங்க. பிரிண்ட் எடுத்து உங்க மானிட்டர்ல ஒட்டிக்கோங்க. அடுத்த மாசம் அப்ரைசல் வருது.

டிஸ்கி: இதை டேமேஜர் படிச்சா, நானும் 18 வருஷம் டிவி பக்கம் போக ரெடி. ஆனா எனக்குக் கோடு கூட நேரா வரையத் தெரியாது :(