காந்தி சொல்லாத காந்தி மொழிகள்

வங்கிக் கிளைகளிலும் தபால் நிலையங்களிலும் பணம் கட்டும் கவுண்டருக்கு மேலே, காந்தி படத்தோடு சட்டம் போட்டு மாட்டிய ஒரு வாசகம் இந்தியா முழுவதும் உண்டு. இந்த இடத்துக்கு வருகிறவர்களில் வாடிக்கையாளரே முக்கியமானவர், அவர் நம்மை நம்பி இல்லை, நாம்தான் அவரை நம்பி இருக்கிறோம், அவருக்கு வேலை செய்து கொடுப்பதால் நாம் உபகாரம் செய்வதாக நினைக்கக் கூடாது, அந்த வாய்ப்பைத் தந்து அவர்தான் நமக்கு உபகாரம் செய்கிறார் என்று அது போகும். வரிசையில் நிற்பவர்கள் அதைப் படிக்க நேரம் நிறையக் கிடைக்கிறது. சில பிரதிகளில், 1890இல் தென்னாப்பிரிக்காவில் காந்தி ஆற்றிய உரை என்ற குறிப்பும் இருக்கும்.

1890இல் காந்தி லண்டனில் சட்டம் படித்துக்கொண்டிருந்தார். தென்னாப்பிரிக்காவில் அவர் கால் வைத்தது 1893இல். கிட்டத்தட்ட அதே வாசகம் 1941இல் அமெரிக்க விளம்பரத் துறைப் பத்திரிகை ஒன்றில் வெளிவந்திருக்கிறது. அங்கே அதைச் சொன்னவர் ஸ்டூடிபேக்கர் கார் கம்பெனியின் விற்பனைப் பிரிவுத் துணைத்தலைவர் கென்னத் எலியட். பிறகு எல்.எல். பீன் என்ற அமெரிக்க வணிக நிறுவனம் அதைச் சுவரொட்டியாக்கி வைத்துக்கொண்டது. இந்தியாவுக்கு வந்தபோது எலியட்டின் பெயர் உதிர்ந்துவிட்டது. கார் விற்பனை அதிகாரி ஒருவரின் புத்திமதியை இங்கே யார் பொருட்படுத்துவார்கள்? காந்தி சொன்னார் என்றால் காசாளராலும் மறுத்துப் பேச முடியாது, மேலாளராலும் கழற்றிப்போட முடியாது.

புகழ்பெற்ற பொன்மொழிகள் நிலைப்பதன் முதல் காரணம் இங்கேயே கிடைத்துவிடுகிறது. சொன்னவரைவிட எடுத்துச் சொல்பவரின் தேவைதான் அவற்றை வாழவைக்கிறது. பிபிசி வானொலியில் நீண்ட காலம் மேற்கோள் நிகழ்ச்சி நடத்திய நைஜல் ரீஸ், பிரிட்டனில் ஊர்பேர் தெரியாத நல்ல வாக்கியங்கள் எல்லாம் மெல்ல நகர்ந்து வின்ஸ்டன் சர்ச்சிலிடம் போய்ச் சேர்வதைக் கவனித்து, அந்தப் போக்குக்குச் சர்ச்சிலின் பெயரையே வைத்தார். அறிவு சம்பந்தமான வாக்கியம் ஐன்ஸ்டைனுக்குப் போகும், கிண்டல் மார்க் ட்வைனுக்குப் போகும். ஒழுக்கம், அகிம்சை, தன்னலமின்மை என்றால் காந்தி.

கண்ணுக்குக் கண் என்று பழிவாங்கப் போனால் உலகமே குருடாகிவிடும் என்ற வாக்கு இதற்கு நல்ல உதாரணம். 1914இல் கனடா நாடாளுமன்றத்தில் மரண தண்டனை குறித்து நடந்த விவாதத்தில் ஜார்ஜ் பெரி கிரகாம் என்ற உறுப்பினர் இதே கருத்தைச் சொல்லியிருக்கிறார். காந்தியின் வாழ்க்கை வரலாற்றை எழுதிய லூயி ஃபிஷர், காந்தியின் கொள்கையை விளக்கும்போது தம் சொந்த நடையில் இதைப் பயன்படுத்தினார். விளக்கியவரின் சொல் விளக்கப்பட்டவரின் சொல்லாகிவிட்டது. 1982இல் வந்த ‘காந்தி’ படத்தில் காந்தியாக நடித்த பென் கிங்ஸ்லி இதைப் பேசிய பிறகு மாற்றிச் சொன்னால் நம்ப ஆளில்லை.

இன்னொன்று போராட்டக்காரர்களுக்குப் பிடித்தது. முதலில் புறக்கணிப்பார்கள், அடுத்து சிரிப்பார்கள், அடுத்து மோதுவார்கள், கடைசியில் நீ ஜெயிப்பாய் என்று செல்லும். 2016இல் அமெரிக்க அதிபர் பதவிக்குப் போட்டியிட்டபோது டொனால்ட் டிரம்ப்கூட இதைக் காந்தி பெயரில் சமூக ஊடகத்தில் பகிர்ந்தார். 1918இல் பால்டிமோர் நகரில் கூடிய தையல் தொழிலாளர் சங்க மாநாட்டில் நிக்கோலஸ் கிளெயின் என்பவர் இதே படிகளைச் சொன்னார். ஆனால் அவர் வரிசையின் முடிவில் இருந்தது வெற்றி அல்ல, எதிர்த்தவர்களே எழுப்பும் நினைவுச்சின்னம். காந்தியும் ஒத்துழையாமை இயக்கக் காலத்தில் ‘யங் இந்தியா’ இதழில் நல்ல இயக்கங்கள் கடக்கும் ஐந்து நிலைகளைப் பற்றி எழுதியிருக்கிறார்: அலட்சியம், ஏளனம், வசவு, அடக்குமுறை, மரியாதை. அடக்குமுறையைத் தாங்கி நின்றால்தான் மரியாதை என்பது அவருடைய நிபந்தனை. சுவரொட்டியில் நிபந்தனை இல்லை. வரிசையில் நின்றாலே போதும், வெற்றி தானாக வந்துவிடும் என்று அது உறுதி கொடுக்கிறது. சரக்கு அதிகம் விலைபோவதும் அதனால்தான்.

எல்லாவற்றிலும் அதிகம் பயணம் செய்திருப்பது, உலகில் எந்த மாற்றத்தைக் காண விரும்புகிறாயோ அந்த மாற்றமாக நீயே இரு என்ற வாக்கு. காந்தியின் எழுத்தில் இந்த வடிவில் இது இல்லை. நியூயார்க்கின் புரூக்ளின் பகுதியில் உயர்நிலைப் பள்ளி ஆசிரியையாக இருந்த ஆர்லீன் லாரன்ஸ், அன்பை அடிப்படையாக வைத்து அங்கே நடத்திய திட்டம் ஒன்றின் கொள்கைகளில் ஒன்றாக இதை வகுத்தார். 1974இல் அது அச்சிலும் வந்தது. காந்தியின் பேரன் அருண் காந்தி இதைத் தாத்தாவின் சொல்லாகவே எடுத்துச் சொன்னார். பேரனே சொன்ன பிறகு சந்தேகப்படுவது யார்?

இதற்கு நெருங்கிய உறவான ஒரு பகுதி காந்தியிடம் உண்டு. அது இருக்கும் இடம் பாம்புக்கடி பற்றிய கட்டுரை. 1913இல் ‘இந்தியன் ஒப்பீனியன்’ பத்திரிகையில் உடல்நலம் குறித்துக் குஜராத்தியில் தொடர் எழுதியபோது, பாம்புகளும் தீங்கு செய்யாத துறவிகளைப் பற்றிப் பேசுகிறார். உலகத்தில் உள்ள குணங்கள் எல்லாம் மனிதனுக்குள்ளும் இருக்கின்றன, அவன் தன்னை மாற்றிக்கொண்டால் உலகம் அவனிடம் நடந்துகொள்ளும் விதமும் மாறும், அடுத்தவர் என்ன செய்கிறார் என்று பார்த்துக் காத்திருக்க வேண்டியதில்லை என்று சொல்லிச் செல்கிறார்.

அந்த 1913 சாதாரண ஆண்டு அல்ல. ஒப்பந்தக் கூலிக் காலம் முடிந்தும் நேட்டாலில் தங்கும் இந்தியர்கள் தலைக்கு மூன்று பவுண்டு வரி கட்ட வேண்டும் என்ற சட்டத்தை எதிர்த்து அவ்வாண்டு நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். தமிழ்ப் பெண்கள் சுரங்கங்களுக்கே போய் அவர்களைத் திரட்டினார்கள். நவம்பரில் 2,000க்கும் மேற்பட்டவர்கள் காந்தியோடு எல்லையைத் தாண்டி டிரான்ஸ்வாலுக்குள் நடந்தார்கள். சிறை சென்ற தில்லையாடி வள்ளியம்மை, நோயோடு விடுதலையாகி 1914 பிப்ரவரியில் இறந்தார். அவருக்கு வயது 16. அவ்வாண்டு வரி நீக்கப்பட்டது. தன்னை மாற்றிக்கொள்வது பற்றி எழுதிய அதே கை, அதே ஆண்டில், அரசின் சட்டத்தை மாற்ற ஆள் திரட்டியது. இன்றைய நான்கைந்து சொல் வடிவத்தில் முதல் பாதி மட்டும்தான் மிஞ்சியிருக்கிறது. கம்பெனிப் பயிற்சி வகுப்புகளிலும் காலை வணக்கப் படங்களிலும் அது வசதியாக உட்கார்ந்துகொள்வதற்கு இந்த இழப்பும் காரணம். யார் மீதும் புகார் இல்லாத வாக்கியத்தை எந்தச் சுவரிலும் மாட்டலாம்.

சொல்லின் ஓசைக்கும் பங்கு உண்டு. 2000இல் மேத்யூ மெக்லோன், ஜெசிகா டோஃபிக்பக்ஷ் என்ற இரு உளவியலாளர்கள் வெளியிட்ட ஆய்வில், ஒரே கருத்தை ஓசை இயைந்த வடிவிலும் இயையாத வடிவிலும் கொடுத்தபோது, இயைந்ததே அதிக உண்மையானது என்று மக்கள் மதிப்பிட்டார்கள். ‘ஆடிப் பட்டம் தேடி விதை’ என்று கேட்டு வளர்ந்தவர்களுக்கு இது புதிய செய்தி அல்ல.

காந்தி உண்மையாகவே சொன்னவற்றில் நிலைத்தவையும் உண்டு. 1942 ஆகஸ்ட் 8 அன்று பம்பாய் கோவாலியா டேங்க் மைதானத்தில் சொன்ன ‘செய் அல்லது செத்து மடி’ அப்படிப்பட்டது. 1947இல் கல்கத்தாவில், தம் வாழ்வே தம் செய்தி என்று வங்காளியில் எழுதிக்கொடுத்தது மற்றொன்று. இரண்டுக்கும் நாள் இருக்கிறது, இடம் இருக்கிறது, கேட்டவர்களும் வாங்கியவர்களும் இருக்கிறார்கள்.

ஏழு சமூகப் பாவங்களின் கதை வேறு. உழைப்பில்லாத செல்வம், கொள்கையில்லாத அரசியல் என்று போகும் அந்தப் பட்டியல் 1925 அக்டோபரில் ‘யங் இந்தியா’வில் வெளிவந்தது. அவ்வாண்டு மார்ச்சில் லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்தில் பாதிரியார் ஃபிரடெரிக் லூயிஸ் டொனால்ட்சன் நிகழ்த்திய பிரசங்கத்தில் அது ஏற்கெனவே இருந்தது. ஒரு நண்பர் அனுப்பியது என்று காந்தியே தெளிவாகக் குறிப்பிட்டுத்தான் அச்சிட்டார். அந்தக் குறிப்பை விட்டுவிட்டுப் பட்டியலை மட்டும் எடுத்துக்கொண்டார்கள்.

சரிபார்க்க நினைப்பவருக்கு இன்று தடை ஏதும் இல்லை. காந்தியின் எழுத்துகள் ஆங்கிலத்தில் 100 தொகுதிகளாக வெளிவந்து இணையத்திலும் கிடைக்கின்றன. ஒரு வாக்கியத்தோடு நாளும் இடமும் இதழின் பெயரும் இல்லையென்றால் முதல் சந்தேகம் அங்கே எழ வேண்டும். வங்கிச் சுவரில் இருப்பதைப்போல ஆண்டும் நாடும் போட்டிருந்தாலும், அந்த ஆண்டில் அவர் எந்த ஊரில் இருந்தார் என்று ஒருமுறை பார்த்துக்கொள்வது நல்லது.