தேர் போன மறுநாள்

கோடை முடிகையில் மாணிக்க விநாயகர் ஆலயத் தேர் லாச்சப்பல் வீதிகளில் உலா வரும்போது, பிரெஞ்சுத் தொலைக்காட்சிக் கமராக்களும் கூடவே வருகின்றன. தேங்காய்கள் உடைகின்றன, காவடிகள் ஆடுகின்றன. மறுநாள் விடியலில் அதே வீதியில் மரக்கறிப் பெட்டி இறக்குபவனைப் படம்பிடிக்க எவரும் வருவதில்லை.

2015இல் கான் விழாவில் தங்கப் பனை விருது பெற்ற ஜாக் ஓடியாரின் 'தீபன்' நம்மவரை உலகத் திரைக்குக் கொண்டுசென்றது உண்மையே. ஷோபாசக்தியின் நடிப்பும் பெருமைக்குரியதே. ஆயினும் அதன் நாயகன் இறுதியில் மீண்டும் ஆயுதம் ஏந்தியே தீரவேண்டியிருந்தது. கோப்பை கழுவி வீடு திரும்பும் தமிழன் கதைக்குப் போதாதவன் போலும்!

இவ்விடத்தில் ஸ்பானிய ஆவணப்படமொன்றை நினைவூட்ட விரும்புகிறேன். 'கட்டப்படுகிறது' எனப் பொருள்படும் தலைப்புடன், ஹோசே லூயிஸ் கெரின், பொம்பியு ஃபாப்ரா பல்கலைக்கழக மாணவர்களை உடன்வைத்து உருவாக்கி, 2001இல் வெளியிட்ட படம் அது. கோயா விருதும் பெற்றது. பார்சலோனாவில் ஏழைகளும் குடியேறிகளும் வாழ்ந்த ராவால் பகுதியில் பழைய வீடுகளை இடித்துப் புதிய அடுக்குமாடி எழுப்புகிறார்கள். படக்குழு நீண்ட காலம் அங்கேயே நின்று அவதானிக்கிறது. அவ்வளவுதான் கதை. நிலத்தைத் தோண்டுகையில் ரோமானியர் காலத்துப் புதைகுழிகள் வெளிப்படுகின்றன. அயலவர் கூடிநின்று எலும்புக்கூடுகளைப் பார்த்தவாறு தங்களுக்குள் கதைக்கிறார்கள். மொரோக்கோத் தொழிலாளி வேலையினூடே உலக நியாயம் பேசுகிறான். எவரும் துப்பாக்கி தூக்கவில்லை. ஆனாலும் ஒரு பேட்டையின் மரணம் கண்முன்னே நிகழ்ந்துவிடுகிறது.

லாச்சப்பலுக்கு வேண்டியது அத்தகைய பொறுமை. அதற்கு அந்நியர் வரும்வரை காத்திருப்பானேன்? சாமத்திய வீட்டையும் திருமணத்தையும் மணிக்கணக்கிற் படமாக்கும் சமூகமல்லவா நாம்! எண்பதுகளில் வந்திறங்கியோர் முதுமை எய்துகின்றனர். கடைகள் கைமாறுகின்றன. இங்கே பிறந்து பிரெஞ்சுப் பள்ளிகளிற் கற்ற பிள்ளைகள், தந்தையர் நின்றுழைத்த சமையலறைகளை ஒருமுறையேனும் பார்க்க வேண்டாமா?

விசா இல்லாதவன் கமராவைக் கண்டு அஞ்சுவான் என்பார்கள். அந்த அச்சம் நியாயமானது. அவன் முகத்தைக் காட்டும் உரிமை எவர்க்குமில்லை. அனுமதி கேட்டபின்பே கமராவைத் திறக்கவேண்டும். மறுத்தால் மூடிவிட்டு, அடுத்த வாரமும் போய்த் தேநீர் அருந்தவேண்டும். அவனாகவே கதைக்கத் தொடங்குவதற்கு ஓராண்டு ஆனாலும் ஆகட்டும்.